அம்மாவின் பொத்தான் டப்பாவும் அப்பாவின் கோபமும்

பிளஸ் டூ படிக்கும் பிள்ளை இருக்கிற வீட்டுக்கு ஒரு நடை போய்ப் பாருங்கள். அந்த வருஷம் முழுக்க டி.வி. வாயைத் திறக்காது. விருந்தாளி வந்தால்கூடக் குசுகுசுப் பேச்சுதான். அம்மா கோவிலில் கூடுதலாக ஒன்பது சுற்றுச் சுற்றுவாள். இத்தனையும் எதற்கு? பிள்ளை டாக்டராகவோ இன்ஜினீயராகவோ வரவேண்டும். அந்த நேரம் பார்த்து அந்தப் பிள்ளை வந்து, "அம்மா, நான் கிடார் வாசிக்கப் போறேன்" என்று நின்றால்?

வயிற்றைக் கலக்குகிறது, இல்லையா? நம் ஊரில் மட்டும்தான் இப்படி என்று நினைத்துவிடாதீர்கள். லண்டனுக்குப் பக்கத்தில் ஒரு சின்ன வீட்டிலும் இதே கூத்து நடந்தது. ஒரே பிள்ளை. படிப்பில் புலி. டாக்டர் பட்டத்துக்கு ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தவன், அதைப் பாதியில் போட்டுவிட்டுக் கிடாரைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிட்டான். அப்பாவுக்கும் பிள்ளைக்கும் வெகு நாள் சரியான பேச்சுவார்த்தை இல்லை. வேடிக்கை என்னவென்றால், அந்தக் கிடாரைப் பிள்ளையோடு கூட உட்கார்ந்து செய்து கொடுத்ததே அந்த அப்பாதான்!

பிள்ளையின் பெயர் பிரையன் மே. 'குவீன்' என்ற உலகப் புகழ் பெற்ற ராக் இசைக் குழுவின் லீட் கிடாரிஸ்ட்.

"ராக்காவது, கிடாராவது! காது கிழியும் சத்தம்" என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள், சகோதரிகளே. இது சத்தத்தைப் பற்றிய கதை அல்ல. ஒரு வீட்டைப் பற்றிய கதை. லீட் கிடாரிஸ்ட் என்றால் யார் என்று மட்டும் சொல்லிவிடுகிறேன். நம் கச்சேரியில் வயலின்காரர் பாடகரின் நிழல் போலவே போய், தனக்கென்று இடம் கிடைத்ததும் தன் மனோதர்மத்தைக் காட்டிச் சபையைக் கட்டிப்போடுகிறார் அல்லவா? ராக் குழுவில் ஏறக்குறைய அந்த ஸ்தானம் லீட் கிடாரிஸ்டுக்கு.

எட்டு பவுண்டில் ஒரு கிடார்

பிரையன் பிறந்தது 1947 ஜூலை 19-ம் தேதி. நமக்குச் சுதந்திரம் வருவதற்கு ஒரு மாதம்கூட இல்லை. அப்பா ஹெரால்டு மே, விமானத் துறை அமைச்சகத்தில் டிராப்ட்ஸ்மேன். அதாவது இயந்திரங்களின் வரைபடம் போடுகிறவர். அம்மா ரூத், ஸ்காட்லாந்துக்காரி. சம்பளம் அளவான குடும்பம். எது வேண்டுமானாலும் கடைக்கு ஓடுவதற்கு முன்னால், "நாமே செய்துவிட முடியுமா?" என்று யோசிக்கிற அப்பா. அப்பாவிடம் ஒரு சின்ன யுகுலேலி-பான்ஜோ இருந்தது. அதில்தான் பிள்ளை முதலில் விரல் பழகினான். ஏழாவது பிறந்த நாளுக்கு ஒரு சாதாரண கிடார் வந்தது.

பதினாறு வயதில் எலெக்ட்ரிக் கிடார் மேல் ஆசை வந்துவிட்டது. கடையில் விலையைக் கேட்டால் அப்பாவின் சம்பளம் தாங்காது. "சரி, நாமே பண்ணிடலாம்" என்று அப்பாவும் பிள்ளையும் இறங்கினார்கள். 1963-ல் ஆரம்பித்தது. வீட்டில் காலியாக இருந்த ஒரு அறைதான் பட்டறை. கையால் வேலை செய்யும் உளி, அரம், உப்புத்தாள். ஏறக்குறைய இரண்டு வருஷம், ஓய்வு கிடைத்த போதெல்லாம் இதே வேலை.

சாமான் எங்கிருந்து வந்தது என்று கேட்டால் நீங்கள் சிரிப்பீர்கள். தெரிந்தவர் வீட்டில் குளிர் காயும் கணப்பை இடித்தபோது, அதன் மேல் இருந்த நூறு வருஷத்துக்கும் மேற்பட்ட மகாகனி மரச்சட்டம் குப்பைக்குப் போக இருந்தது. அதுதான் கிடாரின் கழுத்து! அதில் பூச்சி அரித்த ஓட்டைகளைத் தீக்குச்சி வைத்து அடைத்தார்கள். உடம்பின் நடுப் பாகம் ஒரு பழைய ஓக் மேஜை. தந்திகளை இழுத்துப் பிடிக்கிற ஸ்பிரிங்குகள் பழைய மோட்டார் சைக்கிளிலிருந்து வந்தவை. ஸ்வரத்தை அசைத்துக் கொடுக்க (நம் கமகம் மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்களேன்) ஒரு கைப்பிடி வேண்டும். சைக்கிளில் பையைத் தாங்கும் கம்பி அதற்கு வந்தது.

இனிமேல்தான் நம் பங்கு வருகிறது. அந்தக் கைப்பிடியின் நுனி கையைக் குத்தக் கூடாதே! அம்மா ஸ்வெட்டர் பின்னும் ஊசியின் முனையை எடுத்து மாட்டினார்கள். கிடாரின் கழுத்தில் எந்த இடத்தில் விரல் வைப்பது என்று காட்ட வெள்ளைப் புள்ளிகள் இருக்கும், பார்த்திருக்கிறீர்களா? அம்மாவின் தையல் பெட்டியிலிருந்த சிப்பிப் பொத்தான்களைத் தேய்த்துப் பதித்தார்கள். பழைய சட்டையைக் கிழித்துத் தரைத்துணி ஆக்குவதற்கு முன்னால் பொத்தானை மட்டும் வெட்டி டப்பாவில் போட்டு வைக்கிற பழக்கம் நம் வீடுகளில் உண்டே, அந்தப் பழக்கம் என்ன காரியத்துக்கு ஆகிறது பாருங்கள்!

மொத்தச் செலவு 8 பவுண்டு. 'ரெட் ஸ்பெஷல்' என்று பெயர். செல்லமாகக் 'கிழவி' என்றும் கூப்பிடுவார். குவீன் குழுவின் முதல் இசைத்தட்டில் தொடங்கி இன்றுவரை உலகத்தின் பெரிய பெரிய மைதானங்களில் முழங்குவது இந்த வீட்டுத் தயாரிப்புத்தான். கோடி கோடியாகப் பணம் வந்த பிறகும் அவர் அதைக் கைவிடவில்லை. தந்தியை மீட்டுவதற்கும் பிளாஸ்டிக் வில்லை வைத்துக்கொள்வதில்லை. பழைய 6 பென்னி நாணயம்தான். அந்த நாணயம் 1980-ல் இங்கிலாந்தில் செல்லாக் காசாகிவிட்டது. இவர் விரலிடுக்கில் மட்டும் இன்னும் செல்லுபடியாகிறது.

நட்சத்திரமா, மேடையா?

பிள்ளை கிடாரோடு நிற்கவில்லை. படிப்பிலும் கெட்டி. லண்டன் இம்பீரியல் கல்லூரியில் பௌதிகம் படித்து 1968-ல் பட்டம் வாங்கினார். அதன் பிறகு விண்வெளி ஆராய்ச்சி. சூரியன் அஸ்தமித்துக் கொஞ்ச நேரம் கழித்து மேற்கு வானத்திலும், விடிவதற்கு முன்னால் கிழக்கிலும் கோபுரம் மாதிரி ஒரு மங்கலான வெளிச்சம் தெரியும். நகரத்து விளக்குகள் இல்லாத இடத்தில் நின்றால்தான் கண்ணுக்குப் படும். கிரகங்களுக்கு நடுவே கோலப்பொடி தூவினாற்போல் பரவிக் கிடக்கும் தூசியில் சூரிய ஒளி பட்டுச் சிதறுவதால் வருகிற வெளிச்சம் அது. அந்தத் தூசி எந்தத் திசையில், என்ன வேகத்தில் நகர்கிறது? இதுதான் பிரையனின் ஆராய்ச்சி. ஸ்பெயினுக்குச் சொந்தமான டெனரீப் தீவின் மலை உச்சியில் தங்கி வானத்தை அளந்தார். 1972-ல் 'நேச்சர்' என்ற பிரசித்தி பெற்ற விஞ்ஞானப் பத்திரிகையில் அவர் பெயரும் சேர்ந்து கட்டுரை வந்தது.

கூடவே பாட்டும் நடந்தது. 1968-ல் நண்பர் ஒருவரோடு 'ஸ்மைல்' என்று ஒரு குழு. டிரம்ஸ் வாசிக்க வந்தவர் ரோஜர் டெய்லர். 1970-ல் இவர்களோடு ஒரு பாடகர் சேர்ந்தார். குழுவின் பெயர் 'குவீன்' ஆனது. 1971-ல் ஜான் டீக்கன் சேர, நான்கு பேர் ஆனார்கள்.

அந்தப் பாடகர்தான் பிரெட்டி மெர்குரி. சொந்தப் பெயர் பரூக் புல்சாரா. ஆப்பிரிக்காவின் ஜான்சிபாரில் பிறந்த பார்சிப் பிள்ளை. குஜராத்திலிருந்து போன குடும்பம். படித்தது நம் மகாராஷ்டிரத்துப் பஞ்சகனியில், ஹாஸ்டலில் தங்கி! பள்ளிக்கூடத்திலேயே சிநேகிதர்களோடு ஒரு இசைக்குழு வைத்திருந்தவர்.

1973-ல் முதல் இசைத்தட்டு வந்தது. பகலில் ஆராய்ச்சி, ராத்திரியில் கச்சேரி, நடுவில் வயிற்றுப் பாட்டுக்காக லண்டனில் ஒரு பள்ளியில் கணக்கு வாத்தியார் வேலை. இரண்டு தோணியில் கால் வைத்து எத்தனை நாள் போக முடியும்? 1974-ல் ஆராய்ச்சிக் கட்டுரை முடிகிற தறுவாயில் இருந்தது. அதை அப்படியே கட்டி வைத்துவிட்டார்.

அப்பாவுக்கு இடி விழுந்தாற்போல் ஆயிற்று. கொஞ்சம் அவர் பக்கத்திலிருந்தும் யோசியுங்கள். யுத்தம், ரேஷன் எல்லாம் பார்த்த தலைமுறை. தாங்கள் வாயைக் கட்டி வயிற்றைக் கட்டி இந்தப் பிள்ளையைப் படிக்க வைத்தோம், இன்னும் நாலு அடி எடுத்து வைத்தால் டாக்டர் பட்டம், அதை விட்டுவிட்டுப் பாட்டுக் கச்சேரியா என்று மனம் குமுறாதா? போதாததற்குக் கல்யாணம் ஆகுமுன்பே ஒரு பெண்ணோடு தனி வீட்டில் குடித்தனம். அந்தக் காலத்து இங்கிலாந்திலும் பெற்றவர்களுக்கு இது லேசில் ஜீரணமாகிற சங்கதி அல்ல. கிடார் செய்தது பொழுதுபோக்குக்கு, பிழைப்புக்கு அல்ல என்பது அப்பாவின் கட்சி. வீட்டில் மௌனம் குடி வந்தது. பிள்ளைக்கும் அது உள்ளுக்குள் அரித்துக்கொண்டே இருந்தது என்று பின்னாளில் அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்.

ஆஸ்பத்திரிக் கட்டில்

தொழிலும் எடுத்த எடுப்பில் பூமாலை போட்டுவிடவில்லை. அதே 1974-ல் அமெரிக்காவுக்கு முதல் சுற்றுப்பயணம் போன இடத்தில் பிரையனுக்கு மஞ்சள் காமாலை. கல்லீரல் அழற்சி! பயணத்தையே ரத்து செய்துவிட்டுத் திரும்பினார்கள். தேறி எழுவதற்குள் வயிற்றுப் புண் படுத்த படுக்கையாக்கிவிட்டது. இந்தப் பக்கம் படிப்பும் போயிற்று, அந்தப் பக்கம் உடம்பும் போயிற்று. நமக்குப் பதிலாக வேறு ஆளைப் போட்டுவிடுவார்களோ என்ற கவலை வேறு.

மற்ற மூன்று பேரும் என்ன செய்தார்கள் தெரியுமா? புது இசைத்தட்டுக்கான பாட்டுகளைப் பதிவு செய்தார்கள். கிடார் வரவேண்டிய இடங்களை மட்டும் வெறுமனே விட்டு வைத்தார்கள். அவர் எழுந்து வந்து அந்த இடங்களை நிரப்பினார். கூட்டுக் குடும்பத்தில் பிரசவத்துக்குப் போன மருமகளின் வேலையை மற்றவர்கள் பகிர்ந்துகொண்டு, அவள் வைத்த இடத்தில் அவள் சாமானை அப்படியே வைத்திருப்பார்களே, அந்த மாதிரி. நான்கு பேரும் கடைசிவரை ஒன்றாக இருந்த ரகசியம் இதில் தெரிகிறது.

1975-ல் வந்த 'பொஹிமியன் ராப்சடி' என்ற பாட்டு அவர்களை எங்கேயோ கொண்டு போயிற்று. ஆறு நிமிஷத்துக்குச் சற்றுக் குறைவு. இவ்வளவு நீளப் பாட்டை ரேடியோவில் யார் போடுவார்கள் என்றார்கள். இங்கிலாந்தில் ஒன்பது வாரம் முதல் இடத்தில் இருந்தது! அதன் நடுவே பிரெட்டியின் பாட்டு ஓய்ந்ததும் பிரையனின் கிடார் எழும்பி வரும். ஒரே கிடாரைத் திரும்பத் திரும்ப வாசித்து, ஒன்றன் மேல் ஒன்றாகப் பதிவு செய்து, பெரிய வாத்திய கோஷ்டியே வாசிக்கிற மாதிரி செய்வது அவர் பாணி. 'சின்தசைசர்' எதையும் உபயோகிக்கவில்லை என்று அந்தக் காலத்து இசைத்தட்டு உறைகளில் அச்சடித்தே போட்டார்கள்.

கிரிக்கெட் மைதானத்திலோ கல்லூரி விழாவிலோ, இரண்டு முறை காலைத் தட்டி ஒரு முறை கையைத் தட்டுகிற பாட்டு உங்கள் காதில் விழுந்திருக்கும். தும், தும், டப்! 1977-ல் வந்த 'வி வில் ராக் யூ'. எழுதியவர் நம் பிரையன்தான். சனங்கள் தாங்களும் பாட ஆசைப்படுகிறார்கள், நெருக்கியடித்து நிற்கும் கூட்டத்தில் அவர்களால் என்ன செய்ய முடியும், காலைத் தட்டலாம், கையைத் தட்டலாம் என்று யோசித்து எழுதியது. நாலைந்து பேர் மரப்பலகை மேல் நின்று தட்டியதை ஆயிரம் பேர் தட்டுகிற மாதிரி ஆக்க, அவருடைய பௌதிகம் கை கொடுத்தது. தட்டுகிற ஓசையைச் சற்றுச் சற்றுத் தாமதப்படுத்தித் திரும்ப ஒலிக்கவிட்டார். அந்தத் தாமதங்களைப் பகா எண்களின் கணக்கில் அமைத்ததால் ஒன்றோடு ஒன்று ஒட்டாமல், நிஜமான கூட்டம் மாதிரியே கேட்டது. படித்த படிப்பு எங்கேயும் வீண் போவதில்லை!

அப்பா ஏறிய விமானம்

அப்பா ஹெரால்டு வேலை பார்த்த இடத்தில், ஒலியை மிஞ்சிப் பறக்கும் கான்கார்டு விமானம் பனிமூட்டத்தில் கண் தெரியாமலே தரையிறங்குவதற்கான கருவிகளில் அவருக்குப் பங்கு இருந்தது. வரைபடம் போட்டாரே ஒழிய, அந்த விமானத்தில் ஏறிப் போகிற வசதி அவருக்கு ஏது?

பிள்ளை ஏற்றினார். நியூயார்க்கில் மாடிசன் ஸ்கொயர் கார்டன் என்ற பிரம்மாண்டமான அரங்கில் குவீனின் கச்சேரி. அப்பாவையும் அம்மாவையும் கான்கார்டிலேயே வரவழைத்தார். நல்ல ஓட்டலில் தங்க வைத்தார். ராத்திரி அரங்கு நிறைந்த கூட்டம்; நடுவில், அந்தக் காலி அறையில் தாமே உளி பிடித்துச் செய்த கிடார், பெண்டாட்டியின் பொத்தான்கள் மின்ன மேடையில் முழங்கியது. கச்சேரி முடிந்ததும் அப்பா பிள்ளையின் கையைப் பிடித்துக் குலுக்கினார். இப்போதுதான் தமக்கு விஷயம் புரிகிறது என்கிற மாதிரி ஓரிரண்டு வார்த்தை சொன்னார். அவ்வளவுதான். பிள்ளைக்கு அதற்கு மேல் என்ன விருது வேண்டும்?

அப்பா தம் கோபத்தை நியாயப்படுத்தவில்லை. பிள்ளையும் "அன்றைக்கே சொன்னேனே" என்று குத்திக் காட்டவில்லை. வருஷக்கணக்காக வீட்டில் பேசாமல் இருக்கும் அப்பா-பிள்ளைகள் நம் ஊரில் எத்தனை பேர்! இடையில் நின்று "சாப்பிட வரச் சொல்லு", "எனக்குப் பசிக்கலைன்னு சொல்லு" என்று தூது போகிற அம்மாக்களுக்குத்தான் தெரியும் அந்தக் கஷ்டம்.

வரிசையாக வந்த இழப்புகள்

1985 ஜூலை 13-ம் தேதி, எத்தியோப்பியப் பஞ்ச நிவாரணத்துக்காக லண்டன் வெம்ப்ளி மைதானத்தில் நடந்த 'லைவ் எய்ட்' கச்சேரியில் குவீன் சுமார் இருபது நிமிஷம் வாசித்தது. இன்றைக்கும் அதை விஞ்ச ஆளில்லை என்று சொல்கிறவர்கள் உண்டு. உச்சாணிக் கொம்பில் இருந்த காலம்.

1988-ல் அப்பா புற்றுநோயில் போனார். அதே சமயத்தில் பிரையனின் முதல் மணவாழ்க்கையும் முறிந்தது, மூன்று குழந்தைகள். பிரெட்டிக்கோ எய்ட்ஸ் நோய். அன்றைக்கு இன்றைய மாதிரி மருந்து கிடையாது. நான்கு பேரும் வெளியே மூச்சுவிடாமல் வேலை செய்துகொண்டே இருந்தார்கள். நிற்க முடியாத நிலையிலும் பாடுவேன் என்று நின்ற சிநேகிதனுக்காகப் பிரையன் பெரும்பகுதி எழுதிய பாட்டு 'தி ஷோ மஸ்ட் கோ ஆன்'. 1991 நவம்பர் 24-ம் தேதி பிரெட்டி காலமானார். வயது 45.

பிரையன் நொறுங்கிப் போனார். பணம், புகழ் எதுவும் உதவவில்லை. உயிரை விட்டுவிடலாம் என்றுகூட நினைத்த நாட்கள் உண்டு என்று பிற்பாடு வெளிப்படையாகவே சொன்னார். ஆனால் ஒரு காரியம் சரியாகச் செய்தார். இது வியாதி, வைத்தியம் செய்ய வேண்டும் என்று புரிந்துகொண்டு அமெரிக்காவில் ஒரு மருத்துவமனையில் சேர்ந்து சிகிச்சை எடுத்துக்கொண்டார்.

இந்த இடத்தில் ஒரு வார்த்தை. மனச்சோர்வு என்றால் நம் வீடுகளில், "அதெல்லாம் ஒண்ணுமில்லே, வேலை இல்லாதவங்களுக்கு வர்றது" என்று தள்ளிவிடுகிறார்கள். இரண்டு வாரத்துக்கு மேல் தூக்கம் கெட்டு, எதிலும் பிடிப்பில்லாமல், காரணமில்லாமல் கண்ணீர் வருகிறது என்றால் அது சோம்பேறித்தனம் அல்ல. டாக்டரிடம் போகவேண்டிய விஷயம். ஜுரத்துக்கு வெட்கப்படாதவர்கள் இதற்கு மட்டும் ஏன் வெட்கப்பட வேண்டும்?

1992 ஏப்ரல் 20-ம் தேதி அதே வெம்ப்ளியில் பிரெட்டிக்கு அஞ்சலிக் கச்சேரி நடந்தது. அதில் சேர்ந்த பணத்தில் எய்ட்ஸ் ஒழிப்புக்காக 'மெர்குரி பீனிக்ஸ் டிரஸ்ட்' உருவானது. நடிகை அனிதா டாப்சனைப் பிரையன் 2000-ல் மணந்துகொண்டார். 2002-ல் எலிசபெத் ராணியின் பொன்விழாவில் பக்கிங்ஹாம் அரண்மனை மொட்டை மாடியில் தன்னந்தனியாக நின்று அதே 'கிழவி'யில் தேசிய கீதம் வாசித்தார். அப்பா பார்க்கக் கொடுத்து வைக்கவில்லை.

முப்பத்திரண்டு வருஷம் கழித்து

இனி வருவதுதான் நம் வாசகிகள் மனசில் போட்டுக்கொள்ள வேண்டிய பகுதி.

1974-ல் கட்டி வைத்த ஆராய்ச்சி மூட்டை பரணில் கிடந்ததே! 2006-ல் அதை இறக்கித் தூசி தட்டினார். தூசியைப் பற்றிய ஆராய்ச்சி என்பதால் பொருத்தம்தான்! நல்ல வேளையாக இடைப்பட்ட காலத்தில் அந்தத் துறையில் அதிகம் பேர் புகவில்லை. அவருடைய பழைய அளவுகளுக்கு மதிப்பு இருந்தது. ஆனால் சும்மா கொடுத்துவிடவில்லை. முப்பது வருஷத்தில் மற்றவர்கள் கண்டுபிடித்ததையெல்லாம் படித்து, தம் கட்டுரையைத் திருத்தி, பரீட்சகர்கள் முன்னால் உட்கார்ந்து பதில் சொல்ல வேண்டியிருந்தது. 2007-ல் பட்டம் உறுதியானது. அப்போது அவருக்கு அறுபது வயது! 2008 மே மாதம் லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹாலில் அங்கி அணிந்து டாக்டர் பட்டம் வாங்கினார். அப்பா விரும்பியதும் நடந்தது, தாம் விரும்பியதும் நடந்தது; வரிசைதான் மாறிப் போயிற்று.

"அவருக்கென்ன, பணம் இருக்கு, ஆள் அம்பு இருக்கு. எனக்கு அடுப்படியே கதி" என்று நீங்கள் முணுமுணுப்பது கேட்கிறது. வாஸ்தவம். அவருக்கு இருந்த வசதி நமக்கு இல்லை. ஆனாலும் கல்யாணத்தோடு நின்ற பி.எஸ்சி., குழந்தை பிறந்ததும் மூட்டை கட்டிய டைப்ரைட்டிங், பாட்டு, வீணை என்று நம் ஒவ்வொருத்தர் பரணிலும் ஒரு மூட்டை உண்டே! தபால் வழிக் கல்வியும் திறந்தவெளிப் பல்கலைக்கழகமும் இருக்கின்றன. குழந்தைகள் தலையெடுத்த பிறகு தினம் ஒரு மணி நேரம் கிடைக்காதா? "இந்த வயசில் என்ன படிப்பு?" என்று கேட்கிறவர்களுக்கு இந்த அறுபது வயது மாணவரைக் காட்டுங்கள்.

நாற்பது நிமிஷ வலி

2020 மே மாதம். ஊரடங்கு காலம். பிரையன் தோட்ட வேலை செய்தபோது இடுப்புக்குக் கீழே தசை கிழிந்துவிட்டது. அதற்கு வைத்தியம் நடக்கிறது, வலியோ குறைந்தபாடில்லை. அதற்கு நடுவில் ஒரு நாள் மார்பில் இறுக்கம், கைகளில் வலி, வியர்வை. சுமார் நாற்பது நிமிஷம். டாக்டர் தாமே காரில் ஏற்றிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினார். மூன்று ரத்தக் குழாய்களில் அடைப்பு! மூன்று 'ஸ்டென்ட்' வைத்தார்கள். உடற்பயிற்சி செய்கிறோம், உடம்பு திடமாக இருக்கிறது என்று அதுவரை நம்பிக்கொண்டிருந்தவர் அவர். அறுபது வயது தாண்டியவர்கள் எல்லாரும் இருதயத்தைச் சோதித்துக்கொள்ளுங்கள் என்று பிறகு ஊருக்கெல்லாம் சொன்னார். 1974-ல் அந்த ஆஸ்பத்திரிக் கட்டிலிலிருந்து எழுந்து வந்து வாசித்த இசைத்தட்டின் பெயரே 'மாரடைப்பு' என்ற அர்த்தம் வருகிற 'ஷியர் ஹார்ட் அட்டாக்'!

2023-ல் 'சர்' பட்டம் வந்தது. 2024-ல் இன்னொரு சோதனை. திடீரென்று இடது கை சொன்ன பேச்சுக் கேட்கவில்லை. சிறிய பக்கவாதம். தந்திகளை அழுத்தும் கை அல்லவா அது! உடனே வைத்தியம் கிடைத்ததால் தப்பித்தார். விரல்கள் மறுபடி ஓடின. 2025 செப்டம்பரில், எந்த ஹாலில் டாக்டர் பட்டம் வாங்கினாரோ அதே ராயல் ஆல்பர்ட் ஹாலில், 'ப்ராம்ஸ்' இசை விழாவின் நிறைவு நாளில் பெரிய வாத்திய கோஷ்டியோடு 'பொஹிமியன் ராப்சடி' வாசித்தார். வயது 78.

இந்தச் செய்தியைப் படித்ததோடு விட்டுவிடாதீர்கள். பெண்களுக்கு மாரடைப்பு எப்போதும் மார்பைப் பிடித்துக்கொண்டு வருவதில்லை. மூச்சு வாங்குவது, காரணமில்லாத அசதி, குமட்டல், தாடையிலோ முதுகிலோ மேல் வயிற்றிலோ வலி என்று மாறுவேஷத்திலும் வரும். "வாயுப் பிடிப்பு, இஞ்சிச் சாறு குடிச்சா சரியாயிடும்" என்று எல்லாருக்கும் பரிமாறி முடிக்கும்வரை பொறுத்துக்கொண்டிருக்கிறார்களே, அதுதான் ஆபத்து. அதேபோல் ஒரு பக்கம் முகம் கோணினாலோ, ஒரு கை தூக்க முடியாமல் தொங்கினாலோ, பேச்சு குழறினாலோ அது பக்கவாதமாக இருக்கலாம். ரத்தக் கட்டியைக் கரைக்கும் ஊசி நாலரை மணி நேரத்துக்குள் போட்டால்தான் பலன். கொஞ்ச நேரத்தில் தானே சரியாகிவிட்டாலும் அலட்சியம் வேண்டாம். 108-க்குப் போன் செய்யுங்கள். குழம்பு அடுப்பில் கிடக்கட்டும், பரவாயில்லை.

பிள்ளை விஷயத்துக்கு வருவோம். எல்லாப் பிள்ளைகளும் படிப்பை விட்டுவிட்டுக் கிடாரைத் தூக்கலாம் என்று நான் சொல்ல வரவில்லை. ஆயிரத்தில் ஒருவருக்குத்தான் இப்படிப் பலிக்கும். மற்றவர்கள் கதையை யாரும் எழுதுவதில்லை. அப்பாவின் பயம் முட்டாள்தனம் அல்ல. ஆனால் பிள்ளையின் ஆசைக்கு அந்த இரண்டு வருஷம் அப்பா கூட உட்கார்ந்து உப்புத்தாள் தேய்த்தாரே, அந்த உறவுதான் கோபம் வந்த பிறகும் அறுந்து போகாமல் காத்தது. பிள்ளை எதைக் கேட்டாலும் முதலில் "சரி, எப்படிச் செய்யலாம், சொல்லு" என்று ஒரு நாள் பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள். முடியாது என்று சொல்வதாக இருந்தாலும் அதற்குப் பிறகு சொல்லுங்கள். அப்போது பிள்ளையும் காது கொடுத்துக் கேட்கும்.

பொத்தான் டப்பாவை மட்டும் தூக்கி எறிந்துவிடாதீர்கள்!